பராமுகமா, பாராமுகமா: ஒரு சொல்லின் பொருளையும் பிறப்பையும் தேடும் முறை

கோத்தகிரியிலிருந்து என் தாத்தா, திருப்பூரில் இருந்த என் தந்தைக்கு எழுதிய நீல நிற இன்லண்ட் கடிதங்களில் பெரும்பாலானவை ஒரே வரியில்தான் முடியும்: "பராமுகமாக இராமல் மறுதபாலில் பதில் எழுதவும்." பள்ளியில் படித்த நாளில் அந்தக் கடிதக் கட்டைப் பிரித்துப் பார்த்த நான், தாத்தா எழுத்துப்பிழை விட்டுவிட்டார் என்று முடிவு செய்து, ஒரு கடிதத்தில் முதல் எழுத்துக்குப் பக்கத்தில் பென்சிலால் துணைக்கால் ஒன்றைப் போட்டு, 'பாராமுகம்' என்று திருத்தி வைத்தேன். பல ஆண்டுகள் கழித்துத் தமிழ்ப் பேரகராதியைப் புரட்டியபோது, அந்த இரண்டும் தனித்தனிச் சொற்களாக, தனித்தனிப் பிறப்புடன் பதிவாகியிருப்பதைக் கண்டேன். திருத்த வேண்டியிருந்தது தாத்தாவின் எழுத்தை அன்று என்பது அப்போது விளங்கியது.

உறவில் இருந்தவர் மனத்தால் விலகிப்போவதைச் சொல்லும் இந்தச் சொல்லை வைத்துக்கொண்டு, எந்தச் சொல்லின் பொருளையும் மூலத்தையும் வீட்டிலிருந்தபடியே எப்படித் தேடலாம் என்பதை இங்கே விளக்குகிறேன். பெரிய நூலகம் பக்கத்தில் இல்லையே என்று மலையில் இருப்பவர்கள் தயங்க வேண்டியதில்லை. இந்த வேலையில் பாதி, நூலகத்துக்கு வெளியே நடப்பது.

அகராதியைத் திறப்பதற்கு முன்

முதலில் செய்ய வேண்டியது, அந்தச் சொல் வழங்கும் வாக்கியங்களைத் திரட்டுவது. சொல்லை மட்டும் குறித்துக்கொண்டால் போதாது. யார், யாரிடம், யாரைப் பற்றி, எப்போது சொன்னார் என்பதையும் சேர்த்து முழு வாக்கியமாக எழுதிக்கொள்ள வேண்டும். பாராமுகத்துக்கு இப்படித் திரட்டினால் இரண்டு குவியல்கள் சேர்வதை விரைவில் காண்பீர்கள். "அதிகாரிகளின் பாராமுகத்தால் சாலை சீரமைக்கப்படாமல் கிடக்கிறது" என்பது போன்ற செய்தித்தாள் வாக்கியங்கள் ஒரு குவியல். "தங்கச்சி வீட்டுக்காரர் இப்பல்லாம் பாராமுகமா இருக்கார்" என்பது போன்ற வீட்டு வாக்கியங்கள் மற்றொன்று. முன்னதில் அது கடமையில் காட்டும் அசட்டை. பின்னதில் உறவில் விழுந்த இடைவெளி.

கேட்பதற்கு நீலகிரியை விடத் தோதான இடம் குறைவு. 1964ஆம் ஆண்டின் சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தத்தின்படி இலங்கையிலிருந்து வந்து, கூடலூரிலும் கோத்தகிரியிலும் தேயிலைத் தோட்டங்களைச் சுற்றிக் குடியமர்ந்த தாயகம் திரும்பியோரின் வீடுகளில் பெரியவர்களிடம் பேசிப் பாருங்கள். இலங்கைத் தமிழ் இதழ்களில் 'பாராமுகம்' அன்றாடச் சொல். அங்கே அரசாங்கத்தைக் குறை சொல்ல இதைவிடக் கைக்கு எட்டும் சொல் கிடையாது எனலாம். அதே பெரியவர்கள் மகனைப் பற்றிப் பேசும்போதும் அதே சொல்லைத்தான் எடுக்கிறார்களா, அல்லது வேறொன்றை எடுக்கிறார்களா என்று கவனியுங்கள். கேள்வியாகக் கேட்டால் பதில் செயற்கையாகிவிடும். "பாராமுகம் என்றால் என்ன?" என்று ஒருவரைக் கேட்டால் அவர் பள்ளிக்கூடத்து விடையையே தருவார், பேச்சை உறவுக்காரர்களின் பக்கம் திருப்பிவிட்டுக் காத்திருந்தால் சொல் தானாக வரும். எங்கள் மலையில் பேச்சு உறவுக்காரர்களின் பக்கம் திரும்புவதற்கு அதிக முயற்சி தேவைப்படுவதுமில்லை.

அடுத்தது, அந்தச் சொல் எங்கே பொருந்தாது என்று பார்ப்பது. ஒரு சொல்லின் எல்லை அது பொருந்தாத இடத்தில்தான் தெளிவாகத் தெரியும். மேட்டுப்பாளையம் பேருந்தில் பக்கத்து இருக்கைக்காரர், முன்பின் அறியாதவர், வழி முழுவதும் என்னைத் திரும்பிப் பாராமல் இருந்தால் அது பாராமுகம் ஆகாது. பேருந்து நிலையத்தில் என் சித்தப்பா மகன், என்னைக் கண்டுவிட்டு, உடனே ஊர்ப் பெயர்ப்பலகையைப் படிக்கத் தொடங்கினால் அது பாராமுகம். ஆகவே, பார்க்க வேண்டியவர் என்ற உரிமையும் எதிர்பார்ப்பும் முன்பே இருந்தால்தான் இந்தச் சொல்லுக்கு இடம் உண்டு. அதிகாரியின் பாராமுகம் என்று சொல்லும்போதும் இந்த உரிமையே உள்ளே நிற்கிறது. நம்மைக் கவனிக்கக் கடமைப்பட்டவர் கவனிக்கவில்லை என்பதுதான் அங்கும் குறை. இரண்டு குவியல்களும் ஒரே சொல்தான் என்பதற்கு இதுவே சான்று.

பக்கத்துச் சொற்களோடு நிறுத்திப் பார்த்தல்

பொருளைத் துல்லியமாக்க, அதன் பக்கத்தில் நிற்கும் சொற்களைக் கொண்டுவந்து வரிசையாக நிறுத்த வேண்டும். உறவின் விலகலுக்குத் தமிழில் படிகள் உண்டு என்பதைத் திருக்குறளே காட்டுகிறது:

"துனியும் புலவியும் இல்லாயின் காமம்
கனியும் கருக்காயும் அற்று."

துனி என்பது முதிர்ந்த கலாம், அதாவது முற்றிய பிணக்கு, என்றும் புலவி என்பது இளைய கலாம் என்றும் பரிமேலழகர் பிரித்துச் சொல்கிறார். ஊடலிலும் புலவியிலும் முகம் திரும்பியிருந்தாலும் காது இந்தப் பக்கமே இருக்கும். சமாதானம் சொல்ல வருவார் என்ற எதிர்பார்ப்பு இருக்கும். துனியில் அந்த எதிர்பார்ப்பு கசந்து போயிருக்கும். பாராமுகத்தில் கசப்பு இருக்க வேண்டும் என்பதுகூட இல்லை. சண்டை எதுவும் நடக்காமலே, வேலை, தொலைவு, வசதி என்று ஏதோ ஒன்றின் பெயரால் ஒருவர் பாராமுகமாகிவிடலாம். இதனால்தான் அது சண்டையைவிடப் பேசித் தீர்க்கக் கடினமானது. எதைப் பேசுவது என்றே தெரியாது.

இன்னொரு பக்கத்தில் 'நொதுமல்' என்ற பழஞ்சொல் நிற்கிறது. பகையும் நட்பும் இல்லாத அயன்மைக்கு அது பெயர். தலைவியைப் பெண் கேட்டு அயலார் வருவதை 'நொதுமலர் வரைவு' என்று அகப்பொருள் நூல்கள் குறிக்கும். இந்தச் சொல் வழக்கிழந்து போனது எனக்கு வருத்தம் தருவது. பாராமுகம் நீண்டு, பார்க்க வேண்டும் என்ற எதிர்பார்ப்பும் அறுந்துபோன நிலைக்குப் பொருத்தமான சொல் அதுவே.

'அயல்' என்ற சொல்லையும் இதே வரிசையில் நிறுத்துங்கள். தமிழில் 'அயல்நாடு' என்றால் வெளிநாடு. மலையாளத்தில் 'அயல்ராஜ்யம்' என்றால் அண்டை நாடு. நம்முடைய 'அயலார்' வேற்றார் ஆகவும் அக்கம்பக்கத்தார் ஆகவும் இருக்கிறார். மலையாளத்தின் 'அயல்க்காரன்' பக்கத்து வீட்டுக்காரர் மட்டுமே. கேரளமும் கருநாடகமும் தொட்டுக்கொண்டிருக்கும் கூடலூரில் இந்த வேறுபாட்டை ஒரே கடைத்தெருவில் காதால் கேட்கலாம். பக்கத்தில் இருப்பதும் வேறாக இருப்பதும் ஒரே சொல்லுக்குள் குடியிருப்பதைப் பார்த்த பிறகு, விலகலுக்கு எத்தனை மைல் தேவை என்ற கேள்வியே அடிபட்டுப்போகிறது. உறவில் விலகியவர் பெரும்பாலும் அடுத்த தெருவில்தான் இருப்பார்.

அகராதிகளைத் திறக்கும் வரிசை

இப்போது அகராதிக்குப் போகலாம். போகும் வரிசை முக்கியம். இன்றைய பொருளுக்கு முதலில் க்ரியாவின் தற்காலத் தமிழ் அகராதியைப் பாருங்கள். 1992இல் வெளிவந்து, 2008லும் 2020லும் விரிவாக்கப்பட்ட அது, சொல் இன்று எப்படி வழங்குகிறது என்பதை எடுத்துக்காட்டு வாக்கியங்களுடன் சொல்லும். நீங்கள் திரட்டிய குவியல்களை அதனுடன் ஒப்பிட்டு, அதில் இல்லாத வழக்கு உங்களிடம் இருந்தால் அதைத் தனியே குறித்து வையுங்கள்.

பிறப்புக்குச் சென்னைப் பல்கலைக்கழகத்தின் தமிழ்ப் பேரகராதி. 1924 முதல் 1936 வரை ஆறு தொகுதிகளாகவும், பிறகு 1939இல் பின்னிணைப்பாகவும் வந்த இதில் ஒரு லட்சத்துக்கும் மேற்பட்ட சொற்கள் உள்ளன. 1926 முதல் பதிப்பாசிரியராக இருந்து இதை நிறைவேற்றியவர் எஸ். வையாபுரிப் பிள்ளை. 1913இல் பணி தொடங்கியபோது முதல் பதிப்பாசிரியராக இருந்தவர் அமெரிக்க மதுரை மிஷனைச் சேர்ந்த ஜே. எஸ். சாண்ட்லர். மதுரை வெயிலுக்குத் தப்பி 1845இல் கொடைக்கானலில் முதல் பங்களாக்களைக் கட்டியதும் அதே மிஷன்தான் என்பதால், பழனிமலைக்காரர்கள் இந்த அகராதியில் சிறிது உரிமை கொண்டாடினால் நான் மறுக்க மாட்டேன்.

பேரகராதியின் பதிவைப் படிக்கும்போது, தலைச்சொல்லுக்கு அடுத்து வரும் அம்புக்குறி போன்ற அடையாளத்தைத்தான் தேட வேண்டும். 'இதிலிருந்து வந்தது' என்பது அதன் பொருள். 'பராமுகம்' என்ற பதிவில் அது 'பராங்முக' என்னும் வடசொல்லைக் காட்டும். 'பாராமுகம்' என்ற பதிவில் 'பார்' என்னும் வினையையும் எதிர்மறை ஆகாரத்தையும் காட்டும். பொருள் இரண்டுக்கும் ஏறத்தாழ ஒன்றே. இப்படி ஒரே பொருளும் ஒத்த ஒலியும் கொண்ட இரண்டு சொற்கள், இரண்டு வேறு மூலங்களோடு அருகருகே கிடந்தால், அங்கே நின்று யோசிக்க வேண்டும். பெரும்பாலும் ஒன்று மற்றொன்றை உருவாக்கியிருக்கும்.

சொல் திராவிட வேர் கொண்டதாகத் தோன்றினால் பரோவும் எமனோவும் தொகுத்த திராவிடச் சொற்பிறப்பியல் அகராதியைத் திறக்க வேண்டும். 1961இல் முதற்பதிப்பும் 1984இல் திருத்திய பதிப்பும் கண்ட அதில் 5,500க்கு மேற்பட்ட பதிவுகள் உண்டு. தமிழ்ச் சொல்லுக்குப் பக்கத்தில் தோட மொழிச் சொல்லும் கோத்தர் மொழிச் சொல்லும் அத்தனை பதிவுகளில் இடம்பெற்றிருப்பதற்குக் காரணம், எமனோ 1935 முதல் 1938 வரை இந்தியாவில் தங்கி, நீலகிரியின் தோடர், கோத்தர் ஆகியோரிடம் அமர்ந்து சொற்களைக் கேட்டு எழுதியதுதான். எதிர்த்தரப்பு வாதத்துக்குத் தேவநேயப் பாவாணரின் திட்டத்தில் 1974இல் தொடங்கிய செந்தமிழ்ச் சொற்பிறப்பியல் பேரகரமுதலியைப் பாருங்கள். வையாபுரிப் பிள்ளையின் அகராதி வடமொழி மூலத்தைச் சொல்லத் தயங்காது. பாவாணரின் அகரமுதலி தமிழ் மூலத்தைத் தேடாமல் விடாது. இரண்டையும் ஒரே மேசையில் விரித்து வைத்துப் படிப்பவருக்கு ஏமாற்றம் குறையும்.

வின்சுலோவின் 1862ஆம் ஆண்டு அகராதி, பெப்ரிசியசின் அகராதி, தமிழ்ப் பேரகராதி, திராவிடச் சொற்பிறப்பியல் அகராதி ஆகியவற்றைச் சிகாகோ பல்கலைக்கழகத்தின் இணையதளத்தில் இலவசமாகத் தேடலாம். மழைக்காலத்தில் இணையம் போய்விடும் வீடுகளில் இருப்பவர்கள், இணைப்பு இருக்கும்போது பதிவுகளைக் கையால் எழுதி வைத்துக்கொள்வது நல்லது.

பிறப்பைச் சோதித்தல்

அகராதி சொன்னதை அப்படியே ஏற்காமல் சோதிக்க வேண்டும். "மொழிப்பொருட் காரணம் விழிப்பத் தோன்றா" என்பது தொல்காப்பியம். சொல்லுக்கு இந்தப் பொருள் வந்த காரணம் பார்த்தவுடன் தெரியும்படி மேலே கிடப்பதில்லை என்பது கருத்து. பார்த்தவுடன் விளங்கிவிடும் சொற்பிறப்பைச் சந்தேகிக்க வேண்டும் என்று அதை நான் சற்று நீட்டி வைத்துக்கொண்டிருக்கிறேன். 'பார்க்காத முகம், ஆகவே பாராமுகம்' என்ற விளக்கம் அப்படிப்பட்டது.

முதற்சோதனை, உறவுச் சொற்கள். வடமொழியில் 'பராங்' என்பது அப்பால் திரும்பியது என்னும் பொருள் தரும். 'முக' சேர்ந்தால் முகத்தை அப்பால் திருப்பியவர். இதற்கு எதிராக 'அபிமுகம்' உண்டு. நம்மை நோக்கிய முகம். 'சம்முகம்' உண்டு, நேர் எதிரே இருத்தல். 'விமுகம்' உண்டு, விருப்பமற்று விலகிய முகம். இவ்வாறு முகத்தின் திசைகளைக் கொண்டே ஒரு குடும்பம் முழுவதும் வடமொழியில் அமைந்திருப்பதால், பராங்முகம் அங்கே தனித்து நிற்கும் சொல் அன்று. உறுதியான சுற்றத்தோடு நிற்கிறது. வேலையை விட்டுவிட்டு எங்கோ பார்த்துக்கொண்டிருப்பவனைப் 'பராக்குப் பார்க்கிறான்' என்கிறோமே, அந்தப் பராக்கும் இதே குடும்பத்துப் பிள்ளைதான்.

இரண்டாம் சோதனை, ஒலி. தமிழில் ஙகர மெய்க்குப் பின் மகரம் வராது, ககரம்தான் வரும். ஆகவே 'பராங்முகம்' தமிழ் நாவுக்கு வரும்போது இடையிலுள்ள மெய் விழுந்து 'பராமுகம்' ஆவது இயல்பு. "வடசொற் கிளவி வடவெழுத் தொரீஇ எழுத்தொடு புணர்ந்த சொல்லா கும்மே" என்ற நூற்பாவின் வழியே, தமிழ் ஒலிக்கு இசைந்து உள்ளே வந்துவிட்டது. தாத்தாவின் கடிதத்தில் இருந்தது இந்த வடிவம்.

மூன்றாம் சோதனைதான் இந்தச் சொல்லில் சுவையானது. உள்ளே வந்த 'பராமுக'த்தின் முதற்பாதி தமிழ்க் காதுக்கு ஒரு பொருளும் சொல்லவில்லை. 'பரா' என்றால் என்ன? ஆனால் ஒரு துணைக்கால் கூடினால் 'பாரா'. அது ஈறுகெட்ட எதிர்மறைப் பெயரெச்சம், எழுதப் படிக்கத் தெரியாதவருக்கும் விளங்கும் தமிழ். பொருளும் கச்சிதமாகப் பொருந்துகிறது. கேட்பவர் தமக்குத் தெரிந்த சொல்லை அயற்சொல்லுக்குள் கேட்டு, அதற்கேற்ப அதன் வடிவத்தையும் மாற்றிவிடும் இந்த வேலையை மக்கள் சொற்பிறப்பு என்பார்கள்.

நீலகிரிக்காரருக்கு இதற்கு வெளியே போய் எடுத்துக்காட்டுத் தேட வேண்டியதில்லை. தோடர் குடியிருப்பைக் குறிக்கும் 'மந்து' என்னும் சொல்லில் முடிந்த ஓர் ஊர்ப்பெயர், ஆங்கிலேயர் எழுத்தில் 'ஊட்டகமண்ட்' ஆகி, பிறகு 'உதகம்' என்றும் 'மண்டலம்' என்றும் வடசொற்களாகக் கேட்கப்பட்டு, உதகமண்டலம் என்று நிலைத்துவிட்டது. நீர் சூழ்ந்த வட்டம் என்று பொருள் சொல்லும் அளவுக்கு அது பொருத்தமாகவும் அமைந்துவிட்டது. அங்கே மலைச்சொல் வடமொழி உடை உடுத்தியது. பாராமுகத்தில் வடசொல் தமிழ் உடை உடுத்தியது. அதனால் உதகமண்டலம் பிழையான பெயர் ஆகிவிடாது. பாராமுகமும் பிழையான சொல் அன்று. இன்று உயிரோடிருப்பது பாராமுகமே. ஆனால் பழைய கடிதத்தில் பராமுகத்தைக் காண்பவர் அதைத் திருத்தக் கூடாது.

'முகம்' என்ற இரண்டாம் பாதியிலும் ஒரு வழக்கு பாக்கி இருக்கிறது. அதை வடமொழிச் சொல் என்பவர்களும் உண்டு. திராவிடத்திலிருந்து வடமொழிக்குச் சென்ற சொல் என்பவர்களும் உண்டு. கன்னடத்தில் அது 'மொக' என்று ஒலிக்கிறது. படுக மொழி பேசும் அண்டை வீட்டார் முகத்துக்கும் முகத்தைத் திருப்பிக்கொள்வதற்கும் என்ன சொல்கிறார்கள் என்று கேட்டு, உங்கள் குறிப்பில் சேர்த்துக்கொள்ளுங்கள். கேட்டதை அப்படியே எழுத வேண்டும். தமிழாக்கி எழுதினால் சான்று கெட்டுவிடும்.

கடன் வாங்கிய சொல் இத்தனை ஆழமாக ஊன்றியதற்குக் காரணமும் தேட வேண்டும். நிலம் பதப்பட்டிருந்தால்தான் நட்டது பிடிக்கும். "மோப்பக் குழையும் அனிச்சம் முகந்திரிந்து நோக்கக் குழையும் விருந்து" என்ற குறளில், அன்பு குறைந்ததன் அடையாளம் திரிந்த முகம். "ஏதிலார் போலப் பொதுநோக்கு நோக்குதல்" என்ற குறளில் காதலர்கள் வேண்டுமென்றே அயலாரைப் போலப் பார்த்து நடிக்கிறார்கள். யாரையும் பார்ப்பது போன்ற அந்தப் பொதுவான பார்வைதான் உறவின்மையின் முகமாக அங்கே கொள்ளப்படுகிறது. பேச்சிலும் 'முகங்கொடுத்துப் பேசவில்லை', 'முகத்தைத் திருப்பிக்கொண்டான்', 'முகத்திலேயே விழிக்காதே' என்கிறோம். மனத்தின் விலகலை முகத்தில் அளக்கும் பழக்கம் இங்கே முன்பே இருந்ததால், முகம் திரும்புவதைச் சொல்லும் வடசொல் வந்தவுடன் இடம் கிடைத்தது. ஒப்பிடுவதற்கு ஆங்கிலத்தின் 'எஸ்ட்ரேஞ்ச்' என்ற சொல்லை எடுத்துப் பாருங்கள். வெளியிலிருந்து வந்தவர் என்று பொருள்படும் 'எக்ஸ்ட்ரானெயுஸ்' என்னும் இலத்தீன் சொல்லிலிருந்து பழைய பிரெஞ்சு வழியாக வந்த அது, உறவினரை வெளியாளாக்குவதைச் சொல்கிறது. அதற்கு அருகில் நிற்பது நம் 'அந்நியமாதல்', பாராமுகம் அன்று. மொழிபெயர்ப்பவர்கள் இந்த இரண்டையும் ஒன்றாக்கிவிடுகிறார்கள். ஒருவர் பாராமுகமாக இருக்கும் வரை அவர் நம்மவர்தான்.

எழுதி வைத்தல்

தேடிக் கண்டதை ஒரு சொல்லுக்கு ஓர் அட்டை என்ற கணக்கில் எழுதி வையுங்கள். தலைச்சொல், அதன் வேறு வடிவங்கள், நீங்களே கேட்ட வாக்கியங்கள், பொருந்தாத இடங்கள், ஒவ்வோர் அகராதியும் சொல்லும் மூலம், கடைசியாக உங்கள் முடிவு என்பவை அதில் இருக்க வேண்டும். கேட்டதையும் படித்ததையும் ஊகித்ததையும் கலக்காமல் எழுதுவது அவசியம். மூன்றுக்கும் வெவ்வேறு மை பயன்படுத்துபவர்களும் உண்டு. பழைய கடிதம், பத்திரம், கணக்குப் புத்தகம் எதிலிருந்தாவது சான்று எடுத்தால், எழுதியவர் யார், ஏறத்தாழ எந்த ஆண்டு, அதன் பிறகு யார் கையாவது அதில் பட்டிருக்கிறதா என்பதையும் குறிக்க வேண்டும்.

என் அட்டையில் தாத்தாவின் அந்தக் கடிதத்துக்கு எதிரே இப்படி எழுதியிருக்கிறேன்: 'மூல பாடம் பராமுகம். துணைக்கால் பென்சிலில் உள்ளது, பிற்கால இடைச்செருகல். செருகியவள் பேத்தி, அப்போது ஆறாம் வகுப்பு.'